ஒரே திங்கட்கிழமை

இரண்டாயிரத்து ஐந்து, மார்ச் ஏழு.
வின்னிபெக் மாநகரத் தண்ணீர்த் திணைக்களத்தில்
ஒரே லிஃப்டில் ஏறி
ஒரே மேசையில், ஒரே பேனையால்
கையெழுத்து வைத்தோம்
டார்லீனும் நானும்.
பேனை முதலில் என் கையில்தான் இருந்தது.
அதற்குச் சாட்சி இல்லை.

பிறகு பத்தொன்பது வருடம்
மீற்றர், உறைந்த குழாய், வெடித்த குழாய்,
என் பில் ஏன் இவ்வளவு என்று கத்துகிற மனிதர்கள்.

மேற்பார்வையாளர் நாற்காலி ஒன்று காலியானது.
தகுதி சமமென்றால் சேவை மூப்பு.
மூப்பும் சமமென்றால்
ஒப்பந்தம், பதினாலாம் பிரிவு, ஆறாம் உட்பிரிவு:
குடும்பப் பெயரின் முதல் எழுத்து.

டார்லீன் போய்ச்சுக். பி.
அனுசியா வல்லிபுரம். வி.
நடுவில் விரல்விட்டு எண்ணினேன்,
பத்தொன்பது எழுத்து.
வருடத்துக்கு ஒன்று.

யூனியன் மொரிஸ் முறைப்பாடு எழுதினான்.
நான் சொல்லச் சொல்ல எழுதினான்:
வல்லிபுரம் குடும்பப் பெயர் அல்ல.
அது ஒரு ஆள்.

மன்னார்க் கச்சேரியில் எழுத்தராய் இருந்த ஆள்.
சிங்களச் சோதினை தேறாமல்
சம்பள ஏற்றம் நின்றுபோன ஆள்.
ஆறு வருடம் பின்னால் வந்தவனை
சேர் என்று கூப்பிட்டு
தேநீர் ஆறும்வரை
கோப்போடு நின்ற ஆள்.
இந்தப் பகுதியை மொரிஸ் வெட்டிவிட்டான்.
வழக்குக்குத் தொடர்பில்லையாம்.

போர்ட்டேஜ் அவெனியூ ஹோட்டலில் விசாரணை.
வெளியே மைனஸ் முப்பத்தொன்று,
உள்ளே யாரோ விட்டுப்போன கல்யாண பலூன் ஒன்று
கூரையில் ஒட்டிக்கொண்டிருந்தது.

அப்படியானால் உங்கள் குடும்பப் பெயர் என்ன?
இல்லை.
எல்லோருக்கும் இருக்குமே?
எங்களுக்கு இல்லை.
நடுவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
படிவத்தில் ஏன் எழுதினீர்கள்?
கட்டம் இருந்தது, நிரப்பினேன்.
பத்தொன்பது வருடம் அந்தப் பெயரில்தானே சம்பளம் வாங்கினீர்கள்?
ஓம்.
அவருக்கு நின்றதையும்
சேர்த்து வாங்கினேன் என்று வையுங்கள்.
இதை மனதுக்குள்தான் சொன்னேன்.
வாயால் சொன்னது ஓம் மட்டும்.

இடைவேளையில் கார் நிறுத்துமிடம்.
எஞ்சின் உறையாதிருக்க
ஒவ்வொரு காரும் சுவரில் வயர் மாட்டி
சேலைன் ஏற்றும் நோயாளி போல நின்றது.
டார்லீன் சிகரெட் பற்றவைத்தாள். கை நடுங்கியது,
குளிராயும் இருக்கலாம்.

போய்ச்சுக் என் பெயர் இல்லை, என்றாள்.
அவனுடையது.
போன கோடையில் விவாகரத்து முடிந்தது.
நான் பிறந்தது ஸெலின்ஸ்கி.
இஸட்.
பெயர் மாற்றும் தாள் ட்ராயரில் கிடக்கிறது,
இந்த வழக்கு முடியட்டும் என்று.

போனவன் பெயர் போய்ச்சுக்.
எனக்குச் சிரிப்பு வந்தது.
அவளுக்கு அதை விளக்கத் தெரியவில்லை.
நான் புகைப்பதில்லை.
ஒன்று வாங்கிப் புகைத்தேன்.

திரும்பப் போய் உட்கார்ந்தபோது
மொரிஸ் காதோடு கேட்டான்,
என்ன சொன்னாள்?
குளிர் என்றாள், என்றேன்.

தீர்ப்பு நாற்பத்தொரு பக்கம்.
முதல் பக்கத்தில் என் பெயரில் எழுத்துப் பிழை.
கடைசிப் பக்கத்தில்
பெயர் பாவனையால் நிலைபெறுகிறது,
முறைப்பாடு தள்ளுபடி.
நடுவிலே முப்பத்தொன்பது பக்கம்
எங்கள் சனத்துக்கு ஏன் குடும்பப் பெயர் இல்லை என்று
மிகக் கவனமாய், மிகத் தவறாய்.

டார்லீன் கண்ணாடி அறைக்குப் போனாள்.
கதவில் புதுத் தகடு, பழைய பெயர்.
ட்ராயர்த் தாளைப் பற்றி
அவளும் பேசவில்லை, நானும் கேட்கவில்லை.
அடுத்த மேற்பார்வையாளர் நாற்காலி
எப்போது காலியாகும் என்று
அவளுக்கும் தெரியும்.

புதன்கிழமை முதல் விடுப்புப் படிவம் நீட்டினேன்.
குடும்பப் பெயர்: வல்லிபுரம்.
காரணம்: வல்லிபுரம், திவசம்.
ஒரே சொல் இரண்டு கட்டத்தில் இருப்பதை
கொஞ்ச நேரம் பார்த்தாள்.
பேனை தேடினாள்.
என்னுடையதைக் கொடுத்தேன்.